படத்தொகுப்பு: கத்தரி

படம் பார்க்க வந்திருந்த தயாரிப்பாளர் அதே கேள்வியை இன்னொரு தடவை கேட்டார். "எடிட்டர் நம்பர் குடுங்க தம்பி."

படம் முடிந்து அரங்கில் விளக்கு போட்டுவிட்டார்கள். சகலம் திரையோரம் கைகட்டி நின்றிருந்தார். டைரக்‌ஷனைப் பற்றிக் கேட்டால் என்ன சொல்வது என்று ஒத்திகை பார்த்து வைத்திருந்தார். கேமராவைப் பற்றிக் கேட்டால் அடக்கமாகச் சிரிப்பதற்கும் தயாராக இருந்தார். எடிட்டரை ஒருவர் கேட்பார் என்று அவர் கனவிலும் நினைக்கவில்லை.

"எந்த எடிட்டர் சார்?"

"உங்க படத்துக்கு எத்தனை எடிட்டர்? கத்தரின்னு டைட்டில்ல போட்டிருந்தீங்களே, அவர்தான்."

அங்கேதான் சிக்கல். கத்தரி என்று ஒருவர் இந்த உலகத்தில் பிறக்கவே இல்லை.

சகலம் என்பதும் அவருடைய சொந்தப் பெயர் இல்லை. கதை, வசனம், கேமரா, லைட், சவுண்ட், எடிட்டிங், இசை, போஸ்டர், ஆள் வராத நாளில் நடிப்பு என்று சகல வேலையும் தானே செய்பவர் என்பதால் நண்பர்கள் வைத்த பெயர் அது. கிண்டலாகத்தான் வைத்தார்கள். அவர் அதைப் பட்டமாக எடுத்துக்கொண்டார்.

பிழைப்புக்குக் கல்யாணம், பிறந்தநாள், பள்ளி ஆண்டுவிழா எல்லாம் படம் பிடிப்பார். மிச்ச நேரத்தில் சினிமா. பேய்ப் படம் எடுத்திருக்கிறார், குழந்தைகள் படம் எடுத்திருக்கிறார், சாக்கடையைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்திருக்கிறார். வசனமே இல்லாத ஒரு காதல் படமும் உண்டு. மௌனத்தின் வலிமை என்று ஒரு பத்திரிகை அதைப் பாராட்டி எழுதியது. மைக் ரிப்பேர் என்பது சகலத்துக்கு மட்டும்தான் தெரியும்.

அந்தக் காதல் படத்தைத் திரையிட்ட அன்றுதான் கத்தரி உருவானார். டைட்டிலில் ஒவ்வொரு வேலைக்கு எதிரிலும் சகலத்தின் பெயரே வந்தது. கேமராவுக்கு வந்தபோது யாரோ ஒருவர் லேசாகச் சிரித்தார். எடிட்டிங்குக்கு வந்தபோது ஒரு வரிசை சிரித்தது. போஸ்டருக்கு வந்தபோது அரங்கமே சிரித்தது. படமோ பிரிவைப் பற்றிய படம். சிரித்த வாயை மூடி, அழுவதற்கு ஆயத்தமாக அவர்களுக்கு இடைவேளை வரை ஆனது.

அடுத்த படத்தில், அதாவது இன்று திரையிட்ட இந்தப் படத்தில், சகலம் உஷாராகிவிட்டார். டைரக்‌ஷனுக்கு மட்டும் தன் பெயரை வைத்துக்கொண்டு, கேமராவுக்கு நிழலன், சவுண்டுக்குச் செவியன், எடிட்டிங்குக்குக் கத்தரி என்று ஆளுக்கொரு புனைபெயர் போட்டுவிட்டார். யாரும் சிரிக்கவில்லை. ஒரு பெரிய யூனிட்டே வேலை செய்த படம் மாதிரி கம்பீரமாக இருந்தது.

அந்தக் கம்பீரம்தான் இப்போது கழுத்தைப் பிடித்தது.

தயாரிப்பாளர் நல்ல மனிதர். தாட்சண்யம் பார்க்காமல் பேசுகிற நல்ல மனிதர். படத்தில் டைரக்‌ஷன் சுமார்தான் என்று முகத்துக்கு நேராகச் சொன்னார். கேமரா பரவாயில்லை என்றார். ஆனால் எடிட்டிங் இருக்கிறதே, அதைப் பார்த்துத் தான் சீட்டின் நுனிக்கு வந்துவிட்டதாகச் சொன்னார். பிறகு சகலம் ஆயுசு முழுக்கக் காத்திருந்த வார்த்தையைச் சொன்னார்.

"ஒரு கதை வச்சிருக்கேன். நீங்களே டைரக்ட் பண்ணுங்க. கேமராவுக்கு ஆளு, லைட்டுக்கு ஆளு, எல்லாம் நான் தரேன். ஒரே ஒரு விஷயம். எடிட்டிங் கத்தரிதான். கத்தரி இல்லேன்னா படம் இல்ல."

லைட்டுக்கு ஆள் என்ற வார்த்தை காதில் விழுந்ததும் சகலத்துக்குக் கண் கலங்கிவிட்டது. இத்தனை வருடமாக லைட்டைப் பொருத்திவிட்டு ஓடிவந்து கேமராவைப் பார்ப்பார். கேமராவைப் பார்த்துவிட்டு ஓடிப்போய் மைக்கைத் தூக்குவார். ஒரு நாளாவது நாற்காலியில் உட்கார்ந்து, இன்னொருவர் செய்யும் வேலையைப் பார்க்க வேண்டும் என்பதுதான் அவருடைய ஆசை. அது கைக்கெட்டும் தூரத்தில் வந்து நிற்கிறது.

உண்மையை அங்கேயே சொல்லியிருப்பார். வாயைத் திறந்தும் விட்டார். அதற்குள் தயாரிப்பாளர் அவர் தோளில் கை போட்டு, "இத்தனை பேரை வச்சு வேலை வாங்கியிருக்கீங்க பாருங்க, அது பெரிய விஷயம். எல்லாத்தையும் நானே பண்றேன்னு வர்றவனை நான் வாசல்லயே திருப்பி அனுப்பிடுவேன். ஒருத்தன்கிட்ட மாட்டிக்கிட்டு நான் பட்டது போதும்" என்றார்.

சகலம் திறந்த வாயால் கத்தரியின் நம்பரைச் சொன்னார். அது கல்யாண ஆர்டருக்காக அவர் வைத்திருந்த இரண்டாவது போன்.

வீட்டுக்கு வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் நடந்ததை மனைவியிடம் சொன்னார். அவள் வீட்டிலிருந்தே ஓர் அலுவலகத்துக்கு டைப்பிங் வேலை செய்கிறவள். வீட்டில் ஒரே கம்ப்யூட்டர், பகலில் அது அவளுக்கு. சினிமாவைப் பற்றி அவள் அதிகம் பேசுவதில்லை. இந்தப் படத்தை முதன்முதலாகப் போட்டுக் காட்டியபோது, "நல்லா இருக்குங்க, கொஞ்சம் நீளம்" என்றாள். நீளம் என்பது காலத்தின் ஆழம் என்று சகலம் அவளுக்கு ஒரு மதியம் முழுக்க விளக்கினார். அதற்குப் பிறகு அவள் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை.

மாமியாரும் கூடவேதான் இருந்தார். படத்தின் கதாநாயகியே அவர்தான். மகன் வெளிநாடு போன பிறகு வீட்டைக் காலி செய்துகொண்டு போகும் தாய் வேடம். நடிப்புக்கு வேறு ஆள் வைக்க வசதி இல்லாததால் மாப்பிள்ளை கேட்டார், இவரும் சரி என்றார். அன்றிலிருந்து வெளியே கிளம்பும்போதெல்லாம் கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொள்கிறார்.

"என் முகத்தைப் பத்தி அந்த மனுஷன் ஒண்ணும் சொல்லலியா மாப்பிள்ளை?" என்று மட்டும் மாமியார் கேட்டார்.

அதற்குள் இரண்டாவது போன் அடித்தது. சகலத்துக்கு டப்பிங்கும் கை வந்த கலை. போலீஸ்காரர் வேடங்களுக்கு என்று ஒரு கரகரப்பான குரல் வைத்திருந்தார். அதை எடுத்துத் தொண்டையில் மாட்டிக்கொண்டு, "கத்தரி பேசறேன்" என்றார்.

தயாரிப்பாளர் புகழ ஆரம்பித்தார். சகலம் டைரக்டரை விட்டுக்கொடுக்கக் கூடாது என்று, எல்லாப் பெருமையும் டைரக்டருக்குத்தான் சேரும், அவர் ஒரு மேதை, அவர் எடுத்துக் கொடுத்ததை நான் ஒட்டினேன், அவ்வளவுதான் என்றார். கொஞ்சம் அதிகமாகவே சொல்லிவிட்டார். சொந்தப் புகழ்ச்சி என்பதால் நிறுத்துவது கஷ்டமாக இருந்தது.

"அதெல்லாம் உங்க பெருந்தன்மை" என்றார் தயாரிப்பாளர். "அந்தக் கடைசி சீன் இருக்கே, அந்தம்மா கதவைச் சாத்தப் போறாங்க. சாத்தறதுக்கு முன்னாடியே நீங்க காலி ஹாலுக்குப் போயிட்டீங்க. கதவு சாத்தற சத்தம் மட்டும் ஹால்ல கேக்குது. எனக்கு எங்கம்மா ஞாபகம் வந்துடுச்சு. அதை எப்படி யோசிச்சீங்க?"

சகலம் யோசித்துப் பார்த்தார். அந்த இடத்தை எப்போது வெட்டினோம் என்று சுத்தமாக நினைவில்லை. மாமியார் கதவைச் சாத்தும் ஷாட்டைப் பல தடவை எடுத்ததும், கடைசியில் கீல் கழன்று விழுந்ததும், கழன்ற கீலை அவரே மாட்டியதும்தான் நினைவிருந்தது. தச்சு வேலையும் சேர்த்து ஒரே ஆள் பார்த்தால், எந்த வேலையை எப்போது செய்தோம் என்பது யாருக்குத்தான் நினைவிருக்கும்?

"அது தானா வந்துச்சு சார்" என்றார் கத்தரி குரலில்.

போனை வைத்தபோது மனைவி பாதி நறுக்கிய வெங்காயத்தோடு அடுப்படி வாசலில் நின்றுகொண்டிருந்தாள்.

"என்ன சொன்னாரு?"

"ஏதோ சொன்னாரு. கதவு சீன்ல அம்மா ஞாபகம் வந்துடுச்சாம்."

"நிஜமாவா? அப்படியேவா சொன்னாரு?" என்று கேட்டவள் கையிலிருந்த வெங்காயத்தைக் கீழே வைத்தாள். பிறகு, "நான் ஒண்ணு சொன்னா கோவிச்சுக்க மாட்டீங்களே?" என்றாள்.

"நீளம்னு சொல்லப்போறே. நானே நொந்து போயிருக்கேன், விடும்மா."

அவள் விட்டுவிட்டாள்.

மறுநாள் தயாரிப்பாளரின் அலுவலகத்தில் சகலத்துக்கு டீ வந்தது. டீயோடு கோபமும் வந்தது. கத்தரி உங்களை அந்த அளவுக்குப் புகழ்ந்தார், நீங்கள் நேற்று அவரைப் பற்றி ஒரு நல்ல வார்த்தை சொன்னீர்களா என்று தயாரிப்பாளர் கேட்டார். சகலம் யோசித்தால், சொல்லவில்லைதான். சரி, போகட்டும், இன்றைக்குச் சாயங்காலம் கத்தரி வீட்டுக்கே போய் அட்வான்ஸ் கொடுத்துவிட்டு வரலாம், வண்டியில் ஏறுங்கள் என்றார் அவர்.

சகலம் கத்தரிக்குக் காய்ச்சல் என்றார். அப்படியானால் தன் டாக்டரையும் கூட்டிக்கொண்டு போகலாம் என்றார் தயாரிப்பாளர். காய்ச்சல் நேற்றே விட்டுவிட்டது, கத்தரி இப்போது ஊரில் இல்லை என்றார் சகலம். எந்த ஊர் என்றார் தயாரிப்பாளர். தெரியாது என்றார் சகலம். கூட வேலை செய்கிறவர் எங்கே போனார் என்றுகூடத் தெரியாதா என்று அவர் புருவத்தைத் தூக்கவும், சகலத்துக்கு வேறு வழி தெரியவில்லை. தனக்கும் கத்தரிக்கும் சண்டை, போன மாதமே அவர் விலகிப் போய்விட்டார் என்றார்.

"நேத்து போன்ல உங்களை மேதைன்னு சொன்னாரே?"

"அவருக்குப் பெரிய மனசு சார்."

"அவ்வளவு பெரிய மனசுக்காரரையா விரட்டி விட்டீங்க?"

டீயில் ஆடை படிந்துவிட்டது. சகலம் கண்ணை மூடிக்கொண்டு உண்மையில் குதித்தார். கத்தரி என்று யாரும் இல்லை, நிழலன் இல்லை, செவியன் இல்லை, எல்லாம் நான்தான், சிரிக்கிறார்களே என்று பெயரை மாற்றிப் போட்டேன் என்று ஒரே மூச்சில் கொட்டினார். தயாரிப்பாளர் நம்பாமல் பார்த்துக்கொண்டே இருக்கவும், அத்தாட்சிக்காக அந்தக் கரகரப்பான குரலில் "கத்தரி பேசறேன்" என்று பேசியும் காட்டினார்.

அதுதான் பெரிய தப்பாகப் போய்விட்டது.

"மிமிக்ரி வேறயா?" என்றார் தயாரிப்பாளர் தாழ்ந்த குரலில். "ஆளு ஊர்ல இல்லேன்னதும் அவர் வேலையைத் திருடறீங்க. இப்ப குரலையும் திருடறீங்க. தம்பி, நான் நிறைய டைரக்டர்களைப் பாத்திருக்கேன். உங்களை மாதிரி பாத்ததில்ல."

சகலம் சொன்ன ஒரே உண்மையை அவர் நம்பவில்லை. அதற்கு முன் சொன்ன பொய்கள் அத்தனையையும் நம்பியிருந்தார். கத்தரியின் நம்பருக்கு அடித்துப் பார்த்தார், சார்ஜ் போய் வீட்டில் கிடந்த அந்தப் போன் அடிக்கவில்லை. உடனே எடிட்டர்கள் சங்கத்தின் செயலாளரைக் கூப்பிட்டு வரச் சொன்னார்.

செயலாளர் கனத்த கண்ணாடி போட்ட, அதிகம் பேசாத மனிதர். முந்தின நாள் திரையிடலில் அவரும் படத்தைப் பார்த்திருந்தார். சங்கத்தில் கத்தரி என்று உறுப்பினர் கிடையாது, ஆனால் உறுப்பினரோ இல்லையோ ஓர் எடிட்டரின் உழைப்பை டைரக்டர் விழுங்குவதைச் சங்கம் பார்த்துக்கொண்டிருக்காது என்றார். சகலம் தான் விழுங்கவில்லை என்று தலையில் அடித்துச் சத்தியம் செய்யவும், செயலாளர் நியாயமாக ஒரு வழி சொன்னார். வெட்டத் தெரிந்தவருக்கு வெட்டிக் காட்டுவதில் என்ன கஷ்டம்?

பக்கத்து எடிட் ரூமில் ஒரு காட்சிக்காக எடுத்த, இன்னும் வெட்டாத ஃபுட்டேஜைக் கொடுத்தார்கள். ஓர் ஆள் வீட்டுச் சாவியைத் தேடுகிறார், கிடைக்கவில்லை, ஜன்னல் வழியாக உள்ளே போகிறார். அவ்வளவுதான். சகலம் சட்டைக் கையை மடித்துக்கொண்டு உட்கார்ந்தார். கொஞ்ச நேரத்தில் நிரூபித்துவிட்டு எழுந்துவிடலாம் என்றுதான் நினைத்தார்.

ஆனால் அவரால் எதையும் தூக்கிப் போட முடியவில்லை. வெயிலில் எடுத்த ஒரு ஷாட் இருந்தது. கேமராமேன் பாவம், எவ்வளவு நேரம் வெயிலில் நின்றிருப்பார் என்று அதை வைத்துக்கொண்டார். நடிகர் ஜன்னலில் ஏறும்போது முட்டியில் சிராய்த்துக்கொண்ட ஷாட் இருந்தது. ரத்தம் சிந்தி நடித்ததை வெட்டுவதாவது? லைட்மேனின் நிழல் சுவரில் விழுந்த ஷாட்டைக்கூட, அந்த ஆளும் ஒரு நாள் திரையில் வரட்டுமே என்று விட்டுவைத்தார். சாவி தேடுவதில் ஒரு தவிப்பு வேண்டும் என்பதற்காக ஒரு ஷாட்டை மெதுவாக ஓடவிட்டு, அழுத்தத்துக்கு அதையே இன்னொரு தடவையும் போட்டார்.

ஓட்டிப் பார்த்தார்கள். கொடுத்த காட்சியைவிட வெட்டிய காட்சி நீளமாக இருந்தது.

தயாரிப்பாளர் எழுந்து வெளியே போய்விட்டார். செயலாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, அன்றைக்கு முதல் தடவையாக மென்மையாகப் பேசினார்.

"நான் கத்தரி வேலையைப் பாத்தேன். அவருக்கு ஷாட் மேல துளி இரக்கம் கிடையாது. எதுக்கு அழறாங்கன்னு தெரிஞ்சதும் வெட்டிடறாரு. உங்களுக்கு எல்லார் மேலயும் இரக்கம். நல்ல குணம்தான். ஆனா எடிட்டருக்கு ஆகாத குணம். இது அந்தக் கை இல்ல சார்."

பதற்றத்தில் கை ஓடவில்லை என்று சகலம் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். ஆனால் உள்ளே ஒரு பயம் வந்து உட்கார்ந்துவிட்டது. இத்தனை வருடமும் எல்லாம் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருந்தோமே, ஒன்றுமே தெரியாதோ? அந்தப் படம் மட்டும் எப்படியோ குருட்டாம்போக்கில் வந்துவிட்டதோ? நடந்து வீட்டுக்குப் போகும்போது, ரோட்டில் ஒரு மரத்தடியில் நின்று கொஞ்ச நேரம் அழுதார். அழும்போதும் வெளிச்சம் நன்றாக விழுகிறது என்று தோன்றியது. அது தோன்றியதற்காக இன்னும் கொஞ்சம் அழுதார்.

அவர் அங்கிருந்து கிளம்பும் முன்பே செயலாளரும் தயாரிப்பாளரும் பேசி ஒரு முடிவைச் சொல்லியிருந்தார்கள். சங்கக் கூடத்தில் எல்லா எடிட்டர்கள் முன்னாலும் சகலம் கத்தரியிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும். சேதி கேள்விப்பட்டுக் கத்தரி எங்கிருந்தாலும் வருவார். வந்து மன்னிப்பை ஏற்றுக்கொண்டால் படம் சகலத்துக்கு. கத்தரி வராவிட்டால் படம் இன்னொருவருக்கு, அதோடு சங்கத்தில் உள்ள எந்த எடிட்டரும் இனிச் சகலத்தோடு வேலை செய்ய மாட்டார்.

இதுவரை எந்த எடிட்டரும் அவரோடு வேலை செய்ததில்லை என்பதால் இரண்டாவது தண்டனை பெரிதாக வலிக்கவில்லை. முதலாவதுதான் வலித்தது.

வீட்டில் மனைவி அவர் முகத்தைப் பார்த்தே விஷயத்தைப் புரிந்துகொண்டாள். சோற்றைப் போட்டுவிட்டு எதிரில் உட்கார்ந்தாள்.

"நான் பேசலாமா?" என்றாள்.

"நீ ஒண்ணும் பேசாதம்மா. நீ சமாதானம் சொன்னா இன்னும் அழுகை வரும். தப்பு முழுக்க என்னுது. இல்லாத ஆளுக்கு நான் பேரு வச்சேன், இப்ப இல்லாத ஆளுகிட்ட நானே போய் மன்னிப்புக் கேக்கணும்."

"அது வந்து, இல்லாத ஆளுன்னு..." என்று அவள் ஆரம்பிக்கும்போதே அவர் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துவிட்டார். அவளும் அதற்குமேல் சொல்லவில்லை. நொந்து போய் இருக்கிறவரிடம் எதைச் சொல்வது, எப்படிச் சொல்வது என்று அவளுக்கும் தெரியவில்லை.

மன்னிப்புக் கேட்கும் நாளன்று சகலம் தனியாகப் போவதாகத்தான் இருந்தார். மனைவி கூடவே கிளம்பிவிட்டாள். மாமியார் அவளுக்கு முன்பே கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு வாசலில் நின்றார்.

"நீங்க எதுக்கு அத்தை, வெயில்ல?"

"படத்துல நான் கதாநாயகி மாப்பிள்ளை. நான் வராம எப்படி?"

சங்கக் கூடம் நிறைந்திருந்தது. எடிட்டர்கள் எல்லாருமே வெளிச்சத்துக்குப் பழக்கமில்லாதவர்களாய்க் கண்ணைச் சுருக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். ஒரு டைரக்டர் எடிட்டரிடம் மன்னிப்புக் கேட்பதைப் பார்க்கும் பாக்கியம் அவர்கள் தொழிலில் யாருக்கும் வாய்த்ததில்லை. வேலையைப் போட்டுவிட்டு வந்திருந்தார்கள். தயாரிப்பாளர் முன்வரிசையில் வாசலைப் பார்த்தபடியே இருந்தார். உள்ளே யார் வந்தாலும் கத்தரியோ என்று பாதி எழுந்து உட்கார்ந்தார். மனைவியும் மாமியாரும் கடைசி வரிசையில் இடம் பிடித்தார்கள்.

மைக் கரகரத்தது. சகலம் பழக்கத்தில் அதைக் கழற்றி ஒயரைச் சரி செய்து திரும்ப மாட்டினார். யாரோ சிரித்தார்கள்.

மனப்பாடம் செய்து வைத்திருந்ததெல்லாம் மறந்துபோனது. முந்தின நாள் ராத்திரி தன் படத்தைத் திரும்ப ஒரு தடவை போட்டுப் பார்த்திருந்தார். எடிட் ரூமில் அப்படிச் சொதப்பிய பிறகு அதைப் பார்க்க வேறு யாரோ எடுத்த படம் மாதிரி இருந்தது. அந்தக் கதவு சீனை மட்டும் இன்னொரு தடவை ஓடவிட்டார். பார்த்தபோது தோன்றியதைத்தான் இப்போது சொன்னார்.

"கத்தரி, நீங்க இங்க இருக்கீங்களான்னு எனக்குத் தெரியல. படத்தை நேத்து பாத்தேன். நான் எடுத்ததைவிட நல்லா இருக்கு. நான் சேர்த்து வச்ச குப்பையெல்லாம் எடுத்துப் போட்டுட்டு, நான் சொல்ல நினைச்சதை மட்டும் விட்டு வச்சிருக்கீங்க. என் மனசை என்னைவிட நல்லாத் தெரிஞ்ச ஆளாலதான் அது முடியும்."

இல்லாத ஆளிடம் பேசுகிறோம் என்பதே சகலத்துக்கு மறந்துவிட்டது. அவர் நடிக்கவில்லை. இத்தனை வருடத்தில் பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து, இது வேண்டாம், இது இருக்கட்டும் என்று சொன்னதே இல்லையே என்ற ஏக்கம்தான் அப்படிப் பேசவைத்தது.

"நான் எல்லாத்தையும் தனியாவே பண்ணேன்னு பெருமை பேசிக்கிட்டுத் திரிஞ்சவன். அதுல பெருமை ஒண்ணும் இல்ல. அது ரொம்பத் தனிமைங்க. உங்களை மாதிரி ஒருத்தர் கூட இருந்திருந்தா, நான் நிமிந்து பாத்து ஒரு நன்றியாவது சொல்லியிருக்கணும். சொல்லல. என்னை மன்னிச்சிடுங்க."

குனிந்து கும்பிட்டுவிட்டு அப்படியே நின்றார். செயலாளர் கண்ணாடியைக் கழற்றிக்கொண்டார். தயாரிப்பாளர் வெளிப்படையாகவே மூக்கைச் சிந்தினார். பிறகு எழுந்து நின்று கூடத்தைப் பார்த்து, கத்தரி வந்திருந்தால் முன்னால் வரவேண்டும், மன்னிப்பை ஏற்றுக்கொண்டால் இந்த நிமிஷமே படத்தைத் தொடங்கிவிடலாம் என்று அறிவித்தார்.

யாரும் எழவில்லை. ஒருவரையொருவர் திரும்பிப் பார்த்துக்கொண்டார்கள். வாசலில் ஒருவர் தென்பட்டார், எல்லாத் தலையும் திரும்பியது. அவர் மின்விசிறியை ரிப்பேர் பார்க்க வந்தவர். கூட்டத்தைப் பார்த்து மிரண்டு அப்படியே திரும்பிவிட்டார். தயாரிப்பாளர் இன்னொரு தடவை கூப்பிட்டார். குரலில் நம்பிக்கை குறைந்திருந்தது. சகலம் நிமிரவே இல்லை. நிமிர்ந்தால் முடிந்துவிடும் என்று அவருக்குத் தெரியும். நாற்காலியும், கேமராவுக்கு ஆளும், லைட்டுக்கு ஆளும் எல்லாம் அந்தக் கூடத்திலேயே முடிந்துவிடும்.

கடைசி வரிசையில் மனைவி முந்தானையால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள். பக்கத்தில் மாமியார் கறுப்புக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, முன்னால் குனிந்தபடி நிற்கும் மாப்பிள்ளையையும் மகளையும் மாறி மாறிப் பார்த்தார். இவர்கள் இரண்டு பேருக்கும் நடுவில் என்ன கூத்து நடக்கிறது என்று அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை. மகளை முழங்கையால் இடித்து அவள் காதில் ரகசியமாகச் சொன்னார். அவருடைய ரகசியம் என்றைக்குமே தெருக்கோடி வரை கேட்கும்.

"எழுந்து போடி. மாப்பிள்ளை எவ்வளவு நேரம்தான் குனிஞ்சே நிப்பாரு? அவரு கல்யாணத்துக்குப் படம் எடுக்கப் போனப்பெல்லாம் கம்ப்யூட்டர் முன்னாடி உக்காந்து வெட்டித் தள்ளினது நீதானே?"